போலீஸ் எடுத்துச்சென்ற போன் 14 மாதமாக வரவில்லை. வழக்கு தானாக விழுந்துவிடுமா?

கேள்வி: என் தம்பிக்கு 24 வயது. டெலிகிராமில் வந்த ஒரு பகுதிநேர வேலையை நம்பி, தன் வங்கிக் கணக்கை வேறொருவர் பயன்படுத்தக் கொடுத்துவிட்டான். அதில் மோசடிப் பணம் வந்து போயிருக்கிறது. சென்ற ஆண்டு பிப்ரவரியில் போலீஸ் அவனைக் கைது செய்து, போனையும் சிம் கார்டையும் எடுத்துக்கொண்டது. அவன் கணக்கோடு, அவனும் அம்மாவும் சேர்ந்து வைத்திருந்த கூட்டுக் கணக்கையும் முடக்கிவிட்டார்கள். இப்போது 14 மாதம் ஆகிறது. மூன்று மாதத்துக்கு முன்புதான் நீதிமன்றத்தில் குற்றம் சாட்டினார்கள். போன் பரிசோதனை அறிக்கை தயாராகவில்லை என்று இரண்டு முறை தள்ளிவைத்தாகிவிட்டது. ஓராண்டு தாண்டினால் வழக்கு செல்லாது என்கிறார் என் அத்தான். ஒப்புக்கொண்டால் சீக்கிரம் முடியும், தள்ளிப்போகப் போகத் தண்டனைக் குறைப்பு கிடைக்காமல் போய்விடும் என்கிறார் மாமா. அவன் ஏமாந்ததற்கான பேச்செல்லாம் அந்த போனில்தான் இருக்கிறது. அம்மாவின் மருந்துக்குக்கூட கூட்டுக் கணக்கிலிருந்து பணம் எடுக்க முடியவில்லை. நாங்கள் என்ன செய்வது?
பெயர் வெளியிட விரும்பாத வாசகி, செங்காங்

பதில்:

அன்புள்ள சகோதரிக்கு,

அத்தான் சொல்வதும் சரியில்லை, மாமா சொல்வதும் சரியில்லை. இருவரும் உங்கள் நல்லதுக்குத்தான் சொல்கிறார்கள். ஆனால் இந்த இரண்டு பேச்சில் எதை நம்பி நடந்தாலும் உங்கள் தம்பிக்குத்தான் நட்டம். அவருடைய வழக்குத் தாள்களை நான் பார்க்கவில்லை, அதனால் வழக்கு எப்படி முடியும் என்று சொல்லப்போவதில்லை. கைப்பற்றிய பொருள் தாமதமானால் வழக்கில் என்னென்ன மாறும், என்னென்ன மாறாது என்பதைச் சொல்கிறேன்.

முதலில் அந்த ஓராண்டுக் கணக்கு. அது எங்கிருந்து வந்தது என்று எனக்குப் புரிகிறது. நம் சிங்கப்பூர்க் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 35ஆம் பிரிவு, குற்றத்தோடு தொடர்புடையது என்று சந்தேகிக்கும் பொருளைக் கைப்பற்றவும் வங்கிக் கணக்கை முடக்கவும் போலீசுக்கு அதிகாரம் கொடுக்கிறது. அதே சட்டத்தின் 370ஆம் பிரிவு அந்த அதிகாரத்துக்கு ஒரு கடிவாளம் போடுகிறது. அந்தப் பொருள் இனி எந்த விசாரணைக்கும் தேவையில்லை என்று அதிகாரி கருதும்போது, அல்லது கைப்பற்றிய நாளிலிருந்து ஓராண்டு ஆகும்போது, இதில் எது முன்னால் வருகிறதோ அப்போது அவர் மாஜிஸ்திரேட் நீதிமன்றத்துக்கு அறிக்கை கொடுக்க வேண்டும். பொருளை யாரிடம் ஒப்படைப்பது என்பதை நீதிமன்றம் முடிவு செய்யும். ஆனால் அந்தப் பொருள் சம்பந்தமாக நீதிமன்றத்தில் வழக்கு நிலுவையில் இருந்தாலோ, விசாரணைக்கு அது இன்னும் தேவை என்று நீதிமன்றம் ஏற்றுக்கொண்டாலோ திருப்பித் தர உத்தரவு கிடைக்காது.

ஆக, ஓராண்டு என்பது பொருளுக்கான கெடு. குற்றச்சாட்டுக்கான கெடு அல்ல. சிங்கப்பூரில் குற்ற வழக்குகளுக்குப் பொதுவான காலவரம்பே கிடையாது. அறிக்கை தாமதமாகக் கொடுக்கப்பட்டது என்பதற்காக மட்டும் குற்றச்சாட்டு விழாது. இதை நம்பிக் காத்திருந்து, வழக்கறிஞரைப் பார்க்காமல் மாதங்களைக் கழித்த குடும்பங்களை நான் பார்த்திருக்கிறேன். அந்த மாதங்களில்தான் அவர்கள் பக்கத்துச் சாட்சியமும் கரைந்துபோயிருக்கும்.

அப்படியானால் தாமதம் அரசுத்தரப்பை ஒன்றும் செய்யாதா? செய்யும், ஆனால் வேறு வழியில். நாள் கடந்தது மட்டும் வழக்கைக் கெடுப்பதில்லை. அந்த நாள்களில் பொருள் யார் கையில் இருந்தது, யார் திறந்தார்கள், எப்போது பரிசோதனைக்குப் போனது என்பதைச் சொல்ல முடியாமல் போவதுதான் வழக்கைக் கெடுக்கும். 2018இல் நம் மேல்முறையீட்டு நீதிமன்றம் ஒரு ஹெராயின் வழக்கில் இருவரைக் கடத்தல் குற்றச்சாட்டிலிருந்து விடுவித்தது. காரணம், கைப்பற்றிய பொருள்கள் இடையில் எந்த அதிகாரியின் பொறுப்பில் இருந்தன என்பதை அரசுத்தரப்பால் நிரூபிக்க முடியவில்லை. அங்கே கேள்விக்குள்ளானது ஒரே நாளுக்குள் அடங்கிய சில மணி நேரம்தான். அந்தச் சங்கிலியில் ஒரு கண்ணி விட்டுப்போனதால், கைப்பற்றியதும் ஆய்வகத்துக்குப் போனதும் ஒன்றுதானா என்ற சந்தேகத்தை நீக்க முடியாமல் போனது. சில மணி நேர இடைவெளி ஒரு வழக்கை முறித்தது. அதே சமயம், முத்திரையிட்ட பையில், பதிவேட்டில் கையெழுத்தோடு, 14 மாதம் பூட்டிய அறையில் இருந்த ஒரு போன் எந்தச் சேதமும் இல்லாத சாட்சியமாக நிற்கலாம். எத்தனை மாதம் என்று எண்ணிக்கொண்டிருப்பதைவிட, அந்த மாதங்களுக்கான பதிவு இருக்கிறதா என்று கேட்பதுதான் முக்கியம்.

போன் விஷயத்தில் இது கொஞ்சம் விரிவாகப் பேச வேண்டியது. ஒரு கத்தியோ பையோ பத்து மாதம் அலமாரியில் இருந்தாலும் அப்படியேதான் இருக்கும். போனில் இருப்பதில் பாதி போனுக்கு வெளியே இருக்கிறது. டெலிகிராமின் சாதாரண உரையாடல்கள் அந்த நிறுவனத்தின் சர்வரில் இருப்பவை. தனி உரையாடலில் எதிராளி தன் பக்கத்திலிருந்தே இரண்டு பக்கத்துச் செய்திகளையும் அழித்துவிட முடியும். உங்கள் தம்பியிடம் கணக்கை வாங்கிய ஆள் இந்நேரம் எதை விட்டுவைத்திருப்பான் என்று யோசித்துப் பாருங்கள். நெடுநாள் பயன்படுத்தாத டெலிகிராம் கணக்கு தானாகவே நீங்கிவிடும். வாட்ஸ்அப் கணக்கும் 120 நாள் பயன்படுத்தாவிட்டால் பொதுவாக நீக்கப்பட்டுவிடும். ஆனால் போனிலேயே சேமிக்கப்பட்டிருந்த வாட்ஸ்அப் செய்திகள் அந்த போனில் இருக்கும், அதனால் அதற்காகப் பயப்பட வேண்டாம். இதனால்தான் கைப்பற்றிய போனை அலைவரிசை எட்டாதபடி வைப்பதும், முடிந்தவரை சீக்கிரம் அதன் முழு நகலை எடுப்பதும் அவசியமாகிறது. நகல் எடுத்தவுடன் ஹாஷ் என்ற ஓர் எண்ணைக் கணக்கிட்டு வைப்பார்கள். நகலில் ஓர் எழுத்து மாறினாலும் அந்த எண் மாறிவிடும். நீதிமன்றத்தில் இது மாற்றப்படாத நகல் என்று காட்ட அது உதவும்.

எனவே உங்கள் வழக்கறிஞர் கேட்க வேண்டிய முதல் கேள்வி, அறிக்கை எப்போது வரும் என்பதல்ல. நகல் எடுத்தாகிவிட்டதா, எந்தத் தேதியில் எடுத்தார்கள் என்பதுதான். கைப்பற்றிய வாரத்திலேயே நகல் எடுத்திருந்தால், அறிக்கை எழுதுவதில் உள்ள தாமதம் எரிச்சல்தான், ஆபத்தில்லை. போன் இன்னும் தொடப்படாமல் கிடக்கிறது என்றால் அது வேறு விஷயம். உடனே எழுத்து மூலமாக, டெலிகிராம் உரையாடலைப் பாதுகாக்கும்படி விசாரணை அதிகாரியையும் அரசுத்தரப்பு வழக்கறிஞரையும் கேட்க வேண்டும். அந்தக் கடிதத்தில் யாருடன் பேசினார், எந்தப் பயனர் பெயர், எந்தத் தேதிகள், பேச்சின் சாரம் என்ன என்பதையெல்லாம் குறிப்பிட வேண்டும். பின்னால் அந்தச் செய்திகள் காணாமல் போனால், எங்கள் தரப்பு இதை இந்தத் தேதியிலேயே கேட்டது என்று காட்ட அந்தக் கடிதம் ஒன்றே போதும்.

தாமதம் அரசுத்தரப்பை மட்டும் பலவீனப்படுத்தும் என்று எல்லாரும் நினைக்கிறார்கள். உங்கள் தம்பி போன்றவர்களுக்கு அது தற்காப்பைத்தான் முதலில் அரிக்கிறது. பணம் வந்து போனதைக் காட்ட அரசுத்தரப்புக்கு வங்கிப் பதிவுகள் போதும், அவை அழியாது. தெரிந்து செய்தாரா, ஏமாந்து செய்தாரா என்பதைக் காட்டும் சாட்சியம்தான் போனில் இருக்கிறது. சட்டம் இங்கே இறுகியும் இருக்கிறது. 2023இல் வந்த திருத்தத்துக்குப் பிறகு, முழுக்கத் தெரிந்திருக்க வேண்டும் என்றுகூட இல்லை, பொறுப்பில்லாமலோ கவனமில்லாமலோ கணக்கைக் கொடுத்ததும் குற்றப் பணத்தைக் கைமாற்ற உதவிய குற்றமாகலாம். அந்த வேலை எப்படி விளம்பரப்படுத்தப்பட்டது, என்ன பொய் சொன்னார்கள், சந்தேகம் வரும்படி ஏதாவது சொல்லப்பட்டதா, இவர் கேள்வி கேட்டாரா என்பதெல்லாம் முடிவை மாற்றக்கூடியவை.

அந்தப் பேச்சு அவருக்குச் சாதகமாக இருந்தால் அரசுத்தரப்பு அதை மறைத்து வைத்துக்கொள்ள முடியாது. 2011இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் ஒரு கொலை வழக்கில் இதைத் தெளிவாகச் சொன்னது. தாங்கள் பயன்படுத்தப்போவதில்லை என்றாலும், குற்றம் செய்தாரா இல்லையா என்பதைத் தொடும் நம்பகமான தகவலை அரசுத்தரப்பு தற்காப்புக்குத் தெரிவிக்க வேண்டும். 2013இல் இன்னொரு தீர்ப்பு, கைப்பற்றப்பட்ட தன் சொந்த ஆவணங்களைப் பார்க்கும் உரிமை குற்றம் சாட்டப்பட்டவருக்கு உண்டு என்று உறுதி செய்தது. போன் திரும்ப வராவிட்டாலும், அதில் உள்ள உரையாடலின் நகலைக் கேட்க இந்த இரண்டு தீர்ப்பும் உங்கள் வழக்கறிஞருக்குக் கைகொடுக்கும்.

ஒரு கண்டிப்பான எச்சரிக்கை. சிம் கார்டை மாற்றி வாங்கி, புதிய போனில் அந்த டெலிகிராம் கணக்கைத் திறந்து பார்க்கலாமே என்று உங்கள் வீட்டில் யாருக்காவது தோன்றும். வழக்கறிஞரைக் கேட்காமல் அதைச் செய்யாதீர்கள். நல்ல எண்ணத்தோடு திறந்தாலும், ஏதாவது செய்தி போனால் அழித்தது நீங்கள்தான் என்ற கேள்வி வரும். நீதியின் போக்கைத் தடுப்பது தண்டனைச் சட்டத்தின் 204ஏ பிரிவின்படி 7 ஆண்டு வரை சிறைக்குரிய குற்றம். அந்த ஆளைத் தொடர்புகொண்டு கேள்வி கேட்கவும் வேண்டாம். அந்த எண்ணுக்கான மாதக் கட்டணத்தை மட்டும் விடாமல் கட்டி வாருங்கள். எண் காலாவதியாகி வேறொருவருக்குப் போய்விட்டால் கணக்கை மீட்பது கஷ்டம்.

சரி, மாமா சொன்னதற்கு வருவோம். ஒப்புக்கொண்டால் தண்டனை குறையும் என்பது உண்மை. 2023 அக்டோபர் 1 முதல் நடப்பில் உள்ள தண்டனை ஆலோசனைக் குழுவின் வழிகாட்டியில், குற்றத்தை முதல் கட்டத்திலேயே ஒப்புக்கொண்டால் 30 விழுக்காடு வரை குறைக்கலாம் என்று இருக்கிறது. பிந்திய கட்டங்களில் அது 20, 10, 5 என்று இறங்குகிறது. மாமா பயப்படுவது இதற்காகத்தான். ஆனால் அந்த முதல் கட்டம் எப்போது முடிகிறது என்று பாருங்கள். குற்றத்தை ஒப்புக்கொள்வதைப் பதிவு செய்ய வழக்கு தயார் என்று அரசுத்தரப்பு நீதிமன்றத்தில் தெரிவித்த நாளிலிருந்து 12 வாரம் வரை அது நீள்கிறது. போன் அறிக்கைக்காக அரசுத்தரப்பே தவணை கேட்டுக்கொண்டிருக்கும்போது, வழக்கு தயார் என்று அவர்கள் சொல்லியிருக்க வாய்ப்பு குறைவு. நீதிமன்றப் பதிவில் வழக்கறிஞர் இதை உறுதி செய்துகொள்ளட்டும். அவர்கள் அப்படிச் சொல்லாதவரை அந்த 12 வாரக் கணக்கு தொடங்காது, அவர்களுடைய தாமதத்தால் உங்கள் தம்பிக்குக் கிடைக்க வேண்டிய 30 விழுக்காடும் கரையாது. ஆகவே, அறிக்கையைப் பார்க்காமலேயே அவசரப்பட்டு ஒப்புக்கொள்ள எந்தக் காரணமும் இல்லை. களைப்பினால் ஒப்புக்கொள்வது எனக்கு மிகவும் வருத்தம் தரும் விஷயம். உண்மையில் தெரிந்தே செய்தார் என்றால், அவர் ஒப்புக்கொள்வதுதான் நேர்மை. பணத்தை இழந்தவர்களும் இத்தனை மாதமாகக் காத்துக்கொண்டிருக்கிறார்கள், அவர்களில் வயதானவர்களும் இருக்கக்கூடும். ஆனால் அந்த முடிவை சாட்சியத்தைப் பார்த்துவிட்டு எடுக்க வேண்டும், நீதிமன்றத்துக்கு அலைந்த அலுப்பில் எடுக்கக் கூடாது.

தாமதத்துக்காகத் தனியே தண்டனை குறையுமா என்றும் சிலர் கேட்பார்கள். குறையலாம். நீதிமன்றங்கள் மூன்றைப் பார்க்கும்: தாமதம் உண்மையிலேயே பெரியதா, அதற்குக் குற்றம் சாட்டப்பட்டவர் காரணமில்லையா, அதனால் அவருக்கு அநியாயமோ பாதிப்போ ஏற்பட்டதா. சிக்கலான விசாரணைக்கு நியாயமாகத் தேவைப்படும் காலத்தைத் தாமதம் என்று எண்ண மாட்டார்கள். ஒரு மருத்துவர் மீதான ஒழுங்கு நடவடிக்கை வழக்கில், நீண்ட தாமதத்துக்காக 16 மாத இடைநீக்கத்தை 2017இல் நீதிமன்றம் 8 மாதமாகப் பாதியாக்கியது. அது பல ஆண்டுத் தாமதம், உங்கள் 14 மாதத்தை அதோடு ஒப்பிட முடியாது. 2024இல் மட்டும் சிங்கப்பூரில் 51,501 மோசடிச் சம்பவங்கள் பதிவாயின, இழப்பு 1.1 பில்லியன் வெள்ளி. ஒவ்வொரு வழக்கிலும் எத்தனை போன் பரிசோதனைக்குப் போகும் என்பதை நீதிமன்றமும் அறியும். இருந்தாலும், உங்கள் தம்பி வேலை இழந்தாரா, மனநல சிகிச்சைக்குப் போனாரா என்பதற்கான கடிதங்களை இப்போதே சேர்த்து வைத்துக்கொள்ளுங்கள்.

அரசுத்தரப்பு மேலும் மேலும் தவணை கேட்டால், வழக்கறிஞர் எதிர்ப்புத் தெரிவிக்கலாம். அறிக்கை தயாராக வேண்டிய தேதியைப் பதிவு செய்யும்படி நீதிபதியைக் கேட்கலாம். எல்லை மீறிப் போனால், விடுதலைக்குச் சமமாகாத விடுவிப்பு என்ற ஒன்று கிடைக்கக்கூடும். அதை முழு விடுதலை என்று எண்ணி விருந்து வைத்துவிடாதீர்கள். அறிக்கை வந்த பிறகு அதே குற்றச்சாட்டை மீண்டும் சுமத்த முடியும்.

உங்கள் தம்பி பிணையில் வெளியே இருக்கிறார் என்று நினைக்கிறேன். அது பெரிய விஷயம். மரண தண்டனைக்குரிய போதைப்பொருள் வழக்குகளில் பிணை கிடையாது. அங்கே சுகாதார அறிவியல் ஆணையத்தின் ஆய்வறிக்கைக்கும் விசாரணைத் தேதிக்கும் காத்திருக்கும் ஒவ்வொரு வாரத்தையும் சிறைக்குள்தான் கழிக்க வேண்டும். இங்கே வேலைக்கு வந்த நம் ஊர்த் தொழிலாளிகள் ஒரு வழக்கில் மாட்டினால், சம்பளமில்லாமல், ஊருக்கும் போக முடியாமல், சிறப்பு அனுமதிச் சீட்டில் விடுதியில் உட்கார்ந்திருப்பதைப் பார்க்கிறோம். சாட்சியாக இருப்பவர்களுக்கும் சிலசமயம் இதே நிலைதான். கைப்பற்றிய பொருளைச் சீக்கிரம் பரிசோதிப்பதை அலுவலக வேலையின் ஒரு பகுதியாக மட்டும் என்னால் பார்க்க முடிவதில்லை. அந்தக் கோப்பின் மறுமுனையில் ஒருவருடைய வாழ்க்கை நிற்கிறது.

இனி அம்மாவின் கணக்கு. இதைத்தான் இந்த வாரமே கவனிக்க வேண்டும். போனையும் கூட்டுக் கணக்கையும் ஒன்றாகப் போட்டுக் குழப்ப வேண்டாம். போன் நிலுவையில் உள்ள வழக்கின் சாட்சியம், அது இப்போதைக்கு வராது. கூட்டுக் கணக்கு வழியாக மோசடிப் பணம் போகவில்லை என்றால் அந்தக் காரணம் அதற்குப் பொருந்துமா என்று கேட்க இடமிருக்கிறது. ஓராண்டு தாண்டிவிட்டதால், இந்தக் கணக்கைப் பற்றி 370ஆம் பிரிவின்படி அறிக்கை கொடுத்தாகிவிட்டதா, மாஜிஸ்திரேட் என்ன உத்தரவு போட்டார் என்று விசாரணை அதிகாரிக்கு அம்மாவின் பெயரிலேயே மின்னஞ்சல் அனுப்புங்கள். பொருளில் உரிமையுள்ளவர் அந்த அறிக்கையை மாஜிஸ்திரேட் விசாரிக்கும்போது தன் பக்கத்தைச் சொல்லலாம் என்பதை மேல்முறையீட்டு நீதிமன்றம் ஏற்றிருக்கிறது. அம்மா குற்றம் சாட்டப்பட்டவர் இல்லை, உரிமையாளர்களில் ஒருவர். அதைக் கடிதத்தின் முதல் வரியிலேயே சொல்லுங்கள்.

கணக்கு முழுவதையும் விடுவிக்க மறுத்தாலும், 35ஆம் பிரிவிலேயே ஒரு வழி இருக்கிறது. உணவு, வாடகை, வீட்டுக் கடன், மருந்து, மருத்துவச் சிகிச்சை, தண்ணீர் மின்சாரக் கட்டணம் போன்ற அடிப்படைச் செலவுகளுக்கும், நியாயமான வழக்கறிஞர் கட்டணத்துக்கும் ஒரு பகுதியை விடுவிக்க நீதிமன்றம் உத்தரவிடலாம். தொகையைக் குத்துமதிப்பாகச் சொல்லாதீர்கள். பாலிகிளினிக் ரசீது, மருந்துச் சீட்டு, எஸ்பி மின்சார, தண்ணீர்க் கட்டண பில் எல்லாவற்றையும் வைத்து மாதத்துக்கு இவ்வளவு என்று காட்டுங்கள். கணக்கில் உள்ள பணம் அம்மாவுடையது என்பதற்கு, அது எங்கிருந்து வந்தது என்று காட்டும் பழைய வங்கி அறிக்கைகள் வேண்டும். முடக்கத்துக்கு முந்திய இரண்டு மூன்று ஆண்டு அறிக்கைகளை வங்கியில் கேட்டு வாங்குங்கள். அவருடைய மத்திய சேமநிதி மாதத் தொகை இன்னும் அந்தக் கணக்குக்கே போய்க்கொண்டிருந்தால், அவர் பெயரில் மட்டும் வேறொரு கணக்கு திறந்து உடனே மாற்றிவிடுங்கள். உள்ளே போகும் பணமும் சேர்ந்து மாட்டிக்கொள்ளும்.

வழக்கறிஞர் இல்லை என்றால், உங்கள் தம்பி குடியுரிமை உள்ளவரோ நிரந்தரவாசியோ என்றால், வசதியில்லாதவர்களுக்காக வாதாடும் அரசு அலுவலகமான பப்ளிக் டிஃபெண்டர் அலுவலகத்துக்கு விண்ணப்பிக்கலாம். அது 2022 டிசம்பரில் தொடங்கியது, வருமானத்தையும் வழக்கின் தன்மையையும் பார்ப்பார்கள். புரோ போனோ எஸ்ஜி என்ற சட்ட உதவி அமைப்பு நடத்தும் குற்றவியல் சட்ட உதவித் திட்டமும் இருக்கிறது.

கடைசியாக ஒன்று. நீங்கள் எழுதியதில் அந்த போனில்தான் எல்லாம் இருக்கிறது என்று சொன்னீர்கள். எல்லாம் என்று சொல்ல முடியாது. வேலை கிடைத்த அன்று உங்களுக்கு ஏதாவது செய்தி அனுப்பினாரா? விளம்பரத்தைப் படம் எடுத்து நண்பருக்கு அனுப்பினாரா? வங்கியிலிருந்து சந்தேகக் குறுஞ்செய்தி வந்தபோது யாரிடமாவது பதறிப் பேசினாரா? அவை உங்கள் போனிலும் அவருடைய நண்பர்களின் போனிலும் இருக்கும். தேதியும் நேரமும் தெரியும்படி பாதுகாத்து வையுங்கள், எதையும் அழிக்க வேண்டாம், போனை மாற்ற நினைத்தால் வழக்கு முடியும்வரை பழையதையும் வைத்துக்கொள்ளுங்கள். கைப்பற்றியபோது போலீஸ் கொடுத்த ரசீதையும், இதுவரை நீதிமன்றம் தள்ளிவைத்த தேதிகளையும், ஒவ்வொரு முறையும் சொல்லப்பட்ட காரணத்தையும் ஒரே தாளில் எழுதி, அடுத்த தவணைக்கு ஒரு வாரம் முன்பே வழக்கறிஞரிடம் கொடுத்துவிடுங்கள்.